வளைவில் முன்னால் போகிறவன்

சுருளிவேல் தனியாக நடந்து போகும்போதும் அவனுடைய வலது முழங்கை கொஞ்சம் பின்னால் தள்ளியே இருக்கும். யாரையோ கூட்டிக்கொண்டு போகிறவனைப் போல. போடிமெட்டுக் கடைத்தெருவுக்கு டீ குடிக்க வந்தாலும் அதே நடைதான். "மாப்ள, பின்னால ஒருத்தரும் வரல, கையை மடக்கு" என்பார் ஜீப் ஓட்டும் மிக்கேல்ராஜ். கடையில் இருக்கிறவர்கள் சிரிப்பார்கள். அவனும் சிரித்துக்கொண்டே மடக்குவான். நாலு எட்டு வைப்பதற்குள் கை பழைய இடத்துக்குப் போய்விடும். முப்பத்து நாலு வயதாகிறது, கல்யாணம் ஆகவில்லை. பெண் கேட்டுப் போன இடத்தில் ஒரு பெரியவர் அந்தக் கையைப் பார்த்துவிட்டு, பையனுக்கு வாதம் ஏதும் உண்டா என்று தரகரைத் தனியாகக் கூப்பிட்டு விசாரித்தாராம்.

வாதமுமில்லை, ஒன்றுமில்லை. அந்தக் கையைப் பிடித்துக்கொண்டு வருகிறவள் அவன் தங்கை ராமலட்சுமி. அவனுக்குப் பதினொரு வயது இளையவள். பிறக்கும்போது கண் நன்றாகத்தான் இருந்தது. பள்ளிக்கூடம் போக ஆரம்பித்த பிறகு, சாயங்காலமானால் படி தெரியவில்லை என்றாள். அப்புறம் பகலிலேயே ஓரமெல்லாம் இருட்டாக இருக்கிறது என்றாள். மதுரை வரைக்கும் கொண்டு போய்க் காட்டினார்கள். கண்ணுக்குள் திரை கெட்டுக்கொண்டே வருகிறது, இதற்கு மருந்து கிடையாது என்று சொல்லி அனுப்பினார்கள். அவள் வயதுக்கு வருவதற்குள் எல்லாம் இருட்டிவிட்டது. அப்பன் அதற்கு முன்பே போய்ச் சேர்ந்திருந்தார். அம்மா அழகுத்தாய் விடிந்தால் ஏலத்தோட்டத்தில் காய் எடுக்கப் போக வேண்டும். அதனால் அந்தப் பிள்ளையை வெளியே கூட்டிப்போகிற பொறுப்பு சுருளியின் தலையில் விழுந்தது. தலையில் விழுந்தது என்று அவனிடம் யாராவது சொன்னால் ஒரு வாரம் பேசமாட்டான்.

தோட்டத்து ஆட்களுக்கு வரிசையாகக் கட்டிய லயத்தில் அவர்கள் குடியிருக்கும் வீடு தோட்டத்துக்கு நடுவில், பூப்பாறை ரோட்டுக்குக் கீழே இருக்கிறது. ரோட்டுக்கு ஏறி வரும் பாதை ஒற்றையடி. இரண்டு பக்கமும் ஏலச்செடி ஆளுயரத்துக்கு நிற்கும். ஜோடியாக நடக்க இடமே இல்லை. முன்னால் போகிறவன்தான் பாம்பை மிதிப்பான், முன்னால் போகிறவன்தான் யானை நிற்கிறதா என்று பார்ப்பான். அதனால் அவன் முன்னால், அவள் பின்னால், நடுவில் ஆளுக்கொரு முனையாகப் பிடித்த ஒரு துண்டு.

ரோட்டுக்கு வந்தாலாவது நிம்மதி உண்டா என்றால், அதுவும் இல்லை. காலையில் போடியிலிருந்து தோட்ட வேலைக்கு ஆள் ஏற்றிக்கொண்டு ஜீப்புகள் மலையேறி வரும். உள்ளே பதினைந்து பேர், பின்கம்பியில் தொங்குகிறவர்கள் தனி. யார் முதலில் ஆளை இறக்குவது என்று டிரைவர்களுக்குள் போட்டி. வளைவில் வேகத்தைக் குறைப்பது அவர்களுக்குக் கௌரவக் குறைச்சல், அதற்குப் பதிலாக ஹார்ன் அடிப்பார்கள். ஹார்ன் கேட்டால் சுருளி ஒரு எட்டு முன்னால் பாய்ந்து, முழங்கையால் தங்கையைத் தனக்குப் பின்னால் ஒதுக்கிவிடுவான். டிரைவர் கண்ணில் முதலில் தான் பட வேண்டும், மோதினாலும் முதலில் தன் மேல் மோத வேண்டும். இதை அவன் யோசித்துச் செய்வதில்லை. யோசித்துக்கொண்டிருந்தால் ஜீப் வந்துவிடும்.

ஒரு நாள் அந்த ரோட்டில்தான் அவள் கேட்டாள். "அண்ணே, கொஞ்சம் வேகமாப் போவமா?"

"எங்க அவசரம்?"

"அவசரம்லாம் இல்ல. சும்மா. காத்து மூஞ்சியில அடிக்கட்டும்."

அப்படி ஆரம்பித்ததுதான் ஓட்டம். ஏலக்காய் உலர்த்தும் ஸ்டோரில் அடுப்புக்கு விறகு தள்ளுவது சுருளியின் வேலை. அங்கே போவதற்கு முன்னால் தினமும் ஓடினார்கள். மலையில் வளர்ந்த கால், அவளுக்கு மூச்சு இரைக்கவே இல்லை. ஒரே ஒரு குறை. வளைவு வருவதற்குக் கொஞ்சம் முன்னால் சில சமயம் அவள் வேகம் தானாகக் குறையும். மேட்டில் களைக்கிறாள் போல என்று சுருளி நினைத்துக்கொள்வான்.

மாவட்டத்தில் ஊனமுற்றவர்களுக்கு ஓட்டப் பயிற்சி கொடுக்கிறவன் ஜிதின் என்கிற தொடுபுழாப் பையன். ஒரு நாள் பைக்கில் அந்த வழியாகப் போனவன், இவர்களைப் பார்த்து வண்டியைத் திருப்பிக்கொண்டு வந்தான். அவன்தான் துண்டை வாங்கி வைத்துவிட்டு, இரண்டு பக்கமும் வளையம் போட்ட ஒரு சின்னக் கயிற்றைக் கொடுத்தான். ஆளுக்கொரு வளையத்தைப் பிடித்துக்கொண்டு தோளோடு தோளாக ஓட வேண்டும் என்றான். பிறகு பள்ளிக்கூட மைதானத்தில் சுண்ணாம்பால் ஒரு கோடு போட்டு, சுருளியை அதன் பக்கத்தில் நிறுத்தினான்.

"சேட்டா, இது ஒண்ணு மட்டும் மறக்காதீங்க. லைன் தொடும்போ அவதான் முன்னால. சேட்டன் பின்னால. சேட்டனோட நெஞ்சு ஒரு விரல் அளவு முன்ன போனாலும், அவ ஓடினது மொத்தம் போயி. மனசிலாயோ?"

"நான் எதுக்கு சார் முன்னால போறேன்" என்றான் சுருளி. "மெடலு எனக்கா குடுக்கப் போறாங்க?"

மாநிலப் போட்டியில் ஜெயித்தார்கள். அகில இந்தியப் போட்டியிலும் ஜெயித்தார்கள். மைதானத்தில் ஜீப் வராது, எல்லாம் ஒழுங்காகவே நடந்தது. அதன் பிறகுதான் வளைகுடா நாட்டு நகரம் ஒன்றில் நடக்கும் சர்வதேசப் போட்டிக்கு ராமலட்சுமியின் பெயர் வந்தது. ஆயிரத்தைந்நூறு மீட்டர். முதல் மூன்று இடத்துக்குள் வந்தால் மெடல், மெடல் வாங்கியவர்களுக்கு அரசு வேலைக்கு வழி உண்டு என்று ஜிதின் சொன்னான். லயத்தில் அன்றைக்கு எல்லார் வாயிலும் அந்த வேலைதான். அழகுத்தாய் மட்டும் பேசவில்லை. நானும் போய், இவனும் ஓய்ந்து போனால் இந்தப் பிள்ளைக்கு யார் கதி என்ற கவலையை எத்தனையோ வருஷமாக வயிற்றில் கட்டிக்கொண்டு திரிந்தவள் அவள். அன்றைக்குத்தான் முதல் தடவையாகச் சோற்றை ருசித்துச் சாப்பிட்டாள்.

கிளம்புவதற்கு முன்னால் ஜிதின் ஒரு நாள் பைக்கில் இவர்களுக்குப் பின்னாலேயே வந்து பார்த்தான். வளைவில் ஹார்ன் சத்தம். சுருளி ஒரு எட்டு முன்னால். அடுத்த வளைவு, அதே கதை. ஜிதின் முகம் சுருங்கிவிட்டது. திருவனந்தபுரத்தில் ஆர்த்தி என்று ஒரு காலேஜ் பெண் இருக்கிறாள், நன்றாக ஓடுவாள், துணைக்கு ஓடவும் பழகியவள், அவளைக் கூட்டிப்போகலாமா என்று மெதுவாகக் கேட்டான்.

யாரிடமும் கை நீட்டாத சுருளி, ஜிதினின் பைக் கண்ணாடியைப் பிடித்துக்கொண்டு கெஞ்சினான். "ஜீப்பு வர்ற எடத்துலதான் சார் அப்படி. அங்க முன்னால போமாட்டேன். எங்காத்தா மேல சத்தியம், போமாட்டேன் சார். அவ வேற யார் கையையும் பிடிச்சு நடந்ததில்ல."

கேட்டுக்கொண்டு நின்ற ராமலட்சுமிதான் முடித்துவைத்தாள். "எங்கண்ணன்கூடத்தான் ஓடுவேன் சார். இல்லாட்டி வேணாம்." அவள் அப்படிச் சொன்னதும் சுருளிக்குத் தலைகால் புரியவில்லை. பாவி, அப்போதே விலகியிருக்கலாம்.

அந்த நகரத்தில் சாயங்காலமும் அனல் அடித்தது. மைதானம் செங்கல் நிறத்தில் வழவழவென்று கிடந்தது. ராமலட்சுமியின் கண்களைக் கறுப்புப் பட்டையால் மறைத்தார்கள். துளி வெளிச்சம் தெரிகிறவர்களும் உண்டாம், எல்லாரும் சமமாக ஓட வேண்டும் என்று அப்படி ஒரு விதி. சுருளிக்குப் பளீரென்ற ஆரஞ்சு நிறத்தில் ஒரு மேல்சட்டை கொடுத்தார்கள். கூட்டம் குறைவுதான். ஆனால் ஒரு மூலையில் கம்பம், தேனிப் பக்கத்திலிருந்து அங்கே வேலைக்குப் போன பத்திருபது பேர் செய்தி கேள்விப்பட்டு வந்து உட்கார்ந்திருந்தார்கள். "ஏத்தா ராமலட்சுமி, வுட்றாத" என்று ஒரு குரல் வந்தபோது இரண்டு பேருக்கும் கண் கலங்கிவிட்டது.

ஓட்டம் ஆரம்பித்ததிலிருந்து சுருளி தங்கையின் தோளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தான். தன் தோள் அதற்குப் பின்னால் இருக்க வேண்டும். பின்னால், பின்னால் என்று வாய்க்குள்ளேயே சொல்லிக்கொண்டான். கடைசிச் சுற்றுக்கு மணி அடித்தபோது அவர்கள் ஐந்தாவதாக இருந்தார்கள். எதிர்ப்பக்கத்தில் ஒரு ஜோடியைத் தாண்டினார்கள். வளைவு முடிகிற இடத்தில் இன்னொரு ஜோடியைத் தாண்டினார்கள். "மூணாவது பாப்பா, மூணாவது, வுட்றாத" என்று கத்தினான். அவள் கால் தரையில் பாவவே இல்லை. பூப்பாறை ரோட்டில்கூட அவள் அப்படி ஓடி அவன் பார்த்ததில்லை. கோடு கண்ணுக்குத் தெரிந்தது. மெடல் கைக்கு வந்துவிட்டது.

அப்போதுதான் அந்த மூலையிலிருந்து ஹார்ன் அடித்தது. சந்தோஷத்தில் அடித்தார்கள், நம் பிள்ளை மெடல் வாங்குகிறதே என்று அடித்தார்கள். ஊரிலிருந்து ஒருவர் ஆசையாக எடுத்துப்போயிருந்த ஜீப் ஹார்ன், பேட்டரியில் மாட்டி வைத்திருந்தார். வளைவில் மிக்கேல்ராஜ் அடிப்பாரே, அதே சத்தம், காதை அறைகிற மாதிரி. சுருளியின் கால் ஒரு எட்டு முன்னால் பாய்ந்தது. முழங்கை பின்னால் போய்த் தங்கையை ஒதுக்கியது. கோட்டை அவன்தான் முதலில் தாண்டினான்.

அவள் கீழே உட்கார்ந்து மூச்சு வாங்கிக்கொண்டு சிரித்தாள். "மூணாவதுதானண்ணே?"

"மூணாவதுதான் வந்தோம்" என்றான். அதில் பொய் எதுவும் இல்லை.

"போர்டுல போட்டாச்சா?"

"இன்னும் போடல."

போர்டில் போட்டுவிட்டார்கள். எல்லாப் பெயருக்கும் பக்கத்தில் நேரம் இருந்தது. கடைசியில் கிடந்த அவள் பெயருக்குப் பக்கத்தில் மட்டும் இரண்டு ஆங்கில எழுத்து. ஓடியது செல்லாது என்று அதற்கு அர்த்தம், ஜிதின் சுண்ணாம்புக் கோட்டைக் காட்டிய அன்றைக்கே சொல்லிக் கொடுத்திருந்தான். உலகத்தில் உள்ள எல்லாவற்றையும் அவளுக்குப் பார்த்துச் சொல்லிக்கொண்டிருந்தவன் அவன். வானவில்லைச் சொல்லியிருக்கிறான், யானைக்குட்டியைச் சொல்லியிருக்கிறான், சினிமா பார்த்துவிட்டு வந்து மூன்று மணி நேரக் கதையைச் சொல்லியிருக்கிறான். இந்த இரண்டு எழுத்தைச் சொல்ல அவனால் முடியவில்லை.

அதற்குள் ஒலிபெருக்கியில் மூன்று பெயரைப் படித்தார்கள். அவள் தலையைச் சாய்த்துக் கேட்டாள். கண்பட்டையை மெதுவாகக் கழற்றினாள்.

"என் பேரு வரலயேண்ணே."

"நான் முன்னால போயிட்டேன் பாப்பா."

"எப்ப?"

"கோட்டுகிட்ட. ஹார்ன் அடிச்சான்."

"ஆமா" என்றாள். "கேட்டுச்சு."

ஜிதின் அதிகாரிகளிடம் ஓடினான், மேஜையில் இருந்தவர்கள் படத்தைத் திருப்பிப் போட்டுக் காட்டினார்கள், ஆரஞ்சுச் சட்டை தெளிவாக முன்னால் இருந்தது. இவர்கள் வெளியே வரும்போது தேனிக்காரர்கள் ஒரு பெட்டி ஜாங்கிரியோடு வாசலில் நின்றிருந்தார்கள். போர்டை அவர்கள் யாரும் பார்க்கவில்லை. ஹார்ன் கொண்டுவந்தவர் ராமலட்சுமியின் கையைப் பிடித்துக்கொண்டு, "தங்கச்சி, நம்மூரு ஹார்ன் கேட்டுச்சா? உனக்காகத்தான் அடிச்சேன்" என்றார்.

"நல்லாக் கேட்டுச்சுண்ணே" என்று அவள் சொல்லி, ஒரு ஜாங்கிரியை வாங்கி வாயில் போட்டுக்கொண்டாள். சுருளி சுவர் பக்கமாகத் திரும்பி நின்று வாந்தி எடுத்தான்.

ஊர் திரும்பியபோது லயத்தில் யாரும் ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை. வாங்கி வைத்திருந்த மாலையை இவர்கள் கண்ணில் படாமல் மறைத்துவிட்டார்கள். அதுதான் தாங்கவில்லை. திட்டியிருந்தால் திருப்பிப் பேசியிருக்கலாம். "முடிஞ்சது முடிஞ்சு போச்சு, சாப்பிடு" என்று அழகுத்தாய் தட்டை வைத்தாள். வைத்துவிட்டு அடுப்படிக்குப் போய், "நான் போனப்புறம் இவளுக்கு என்னடா சுருளி வழி" என்று குரல் எழாமல் அழுதாள். அந்தச் சோற்றில் கை வைக்க முடியுமா?

அவன் ரோட்டுக்குப் போவதை விட்டான். கயிற்றைத் தொடவில்லை. ஸ்டோரில் அடுப்புக்கு எதிரே உட்கார்ந்தால் உட்கார்ந்ததுதான். முழங்கையைப் பார்க்கும்போதெல்லாம் அதை இந்த நெருப்புக்குள் விட்டால் என்ன என்று தோன்றும். செத்துப்போகலாம் என்றும் தோன்றியது. செத்தால் தங்கையை யார் ரோட்டுக்குக் கூட்டிப்போவது என்ற கவலை உடனே வந்து நின்றது. சாவதற்குக்கூட அந்த மனிதனுக்கு ஓய்வில்லை.

ஒரு நாள் மத்தியானம் ஸ்டோர் வாசலில் நிழல் விழுந்தது. ராமலட்சுமி நின்றிருந்தாள். பக்கத்தில் ஆளில்லை.

சுருளி பதறி எழுந்தான். "யாரு கூட்டியாந்தா?"

"யாருமில்ல. நானாத்தான் வந்தேன்."

"ஒத்தையிலயா? அந்த ஓடையத் தாண்டியா?"

"நாளைக்குக் காலையில ரோட்டுக்கு வாண்ணே" என்றாள். "ஒரு தடவ. அப்புறம் கூப்பிடமாட்டேன்." திரும்பி, செடிகளைக் கையால் தடவிக்கொண்டே போய்விட்டாள். ஓடை வரைக்கும் அவள் தலை தெரிந்தது, அதற்கு அப்புறமும் தடுமாறியதாகச் சத்தம் எதுவும் வரவில்லை.

மறுநாள் மூடுபனி விலகாத ரோட்டில் அவள் கயிற்றின் ஒரு வளையத்தை நீட்டினாள். அவன் வாங்கவில்லை. "வேணாம் பாப்பா. என் காலு எம்பேச்சக் கேக்காது."

"பிடிண்ணே. இன்னைக்கு நான் முன்னால. நீ பின்னால வா."

பிடித்துக்கொண்டான். அவள் ரோட்டின் ஓரம் பிசகாமல் முன்னால் ஓடினாள், அவன் பின்னால் ஓடினான். அவளுடைய பின்னலை அவன் அதுவரை பார்த்ததே இல்லை போலிருந்தது. முதல் வளைவு வந்தது. அவள் வேகம் குறைந்தது. களைத்துவிட்டாள் என்று நினைத்தான். அவள் ஓடுவதை நிறுத்தி, கயிற்றைப் பிடித்து அவனை இழுத்து, மலைச்சுவரை ஒட்டி நிறுத்தினாள். அவனுக்கு ஒன்றும் விளங்கவில்லை. ரோடு காலியாக இருந்தது. சத்தமே இல்லை. அதற்குப் பிறகுதான் கீழேயிருந்து வண்டி முனகுவது அவன் காதில் விழுந்தது, அதற்கும் பிறகுதான் ஹார்ன் அடித்தது. அவன் கால் துடித்தது. அவள் கயிற்றை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள். மிக்கேல்ராஜ் ஜீப்பிலிருந்து கையை ஆட்டிக்கொண்டு கடந்து போனார்.

சுருளிவேல் ஜீப் போன திசையைப் பார்த்தான், தங்கையைப் பார்த்தான்.

"ஒனக்கு முன்னாலயே கேட்டுச்சா?"

"எப்பவும் கேக்கும்ணே. கீழ ரெண்டாவது வளைவுல வரும்போதே பாறையில சத்தம் அடிக்கும்."

"எப்ப இருந்து?"

"கண்ணு போனதுல இருந்து."

வளைவுக்கு வளைவு அவள் வேகம் குறைந்தது அவனுக்கு இப்போது விளங்கியது. அவள் ஒவ்வொரு தடவையும் ஒதுங்கத்தான் பார்த்திருக்கிறாள். அவன்தான் குறுக்கே பாய்ந்திருக்கிறான்.

"ஏன்டி சொல்லல?" என்றான். "இத்தன வருசமா ஒரு வார்த்த சொல்லியிருக்கலாம்ல?"

அவள் கொஞ்ச நேரம் கயிற்றை விரலில் சுற்றிக்கொண்டிருந்தாள். "சொல்லியிருந்தா நீ என்ன பண்ணியிருப்பண்ணே?"

அவன் தன் முழங்கையைப் பார்த்தான்.

"அன்னைக்கும் அது ஜீப் இல்லன்னு எனக்குத் தெரியும்" என்றாள். "சொல்றதுக்கு மூச்சு இல்ல. நான் முன்னாலயே சொல்லியிருக்கணும். அந்த மெடலு போனது என்னாலயுந்தாண்ணே." அவள் அழுதாள். அவனும் அழுதான். போன ஜீப்பின் புகை வளைவிலேயே நின்றது.

மூக்கைத் துடைத்துக்கொண்டு அவள் சொன்னாள். "ஜிதின் சார் போன் பண்ணினாரு. இன்னொரு செலக்சன் இருக்காம். திங்கக்கிழம திருவனந்தபுரம் போறேன். அந்தக் காலேஜ் புள்ள ஆர்த்தி அங்க பஸ் ஸ்டாண்டுக்கு வந்துருவா. நீ போடிமெட்டுல பஸ் ஏத்திவிட்டாப் போதும்."

"நான் வரவேணாமா?"

"வேணாம்ணே."

அவள் கயிற்றைச் சுருட்டி இடுப்பில் செருகிக்கொண்டு, லயத்துக்கு இறங்கும் ஒற்றையடிப் பாதையைக் காலால் தேடிக் கண்டுபிடித்து, முன்னால் இறங்கினாள். சுருளிவேல் கொஞ்சம் தள்ளிப் பின்னால் நடந்தான். பாதையில் பிடிக்க ஆளில்லாமல் முழங்கை அதன் போக்கில் பின்னால் போய்ப் போய் நின்றது. அவன் மடக்கி மடக்கி வைத்துக்கொண்டே வீடு வரைக்கும் போனான்.